உதவிப் பேராசிரியர் விண்ணப்பத்தைத் தள்ளிவிட்டார்கள், கோர்ட்டுக்குப் போகலாமா? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நெட் (தேசியத் தகுதித் தேர்வு), பிஎச்டி எல்லாம் முடித்து, கட்டணம் கட்டி, கட்டுக்கட்டாக நகல் எடுத்து ஸ்பீடு போஸ்டில் அனுப்பி, மாதக்கணக்கில் காத்திருந்தால், ஒரு நாள் பல்கலைக்கழக இணையதளத்தில் ஒரு பிடிஎஃப் தலைகாட்டும். அதில் உங்கள் விண்ணப்ப எண், அதற்கு நேரே "தகுதியில்லை". அன்றைக்கு ராத்திரியே ஆளாளுக்கு "கேஸ் போடு" என்பார்கள். போடலாமா, போட்டால் எதுவரை போகும் என்பதை இங்கே எழுதியிருக்கிறேன். பேச்சு பெரும்பாலும் தமிழ்நாட்டை வைத்துத்தான், ஆனால் தீர்ப்புகள் இந்தியா முழுவதற்கும் பொருந்துபவை. உங்கள் காகிதங்களைப் புரட்டிப் பார்த்து வழக்கறிஞர் சொல்வதற்கு இது மாற்று இல்லை.

நிராகரித்ததை எதிர்த்து வழக்குப் போட எனக்கு உரிமை இருக்கிறதா?

இருக்கிறது. மாநிலப் பல்கலைக்கழகம், மத்தியப் பல்கலைக்கழகம், டிஆர்பி (ஆசிரியர் தேர்வு வாரியம்) எல்லாமே அரசமைப்புச் சட்டத்தின் 12-ஆம் பிரிவில் சொல்லும் 'அரசு' என்ற கணக்கில் வருபவை. ஆகவே 14, 16 பிரிவுகள் (சமத்துவம், அரசுப் பணியில் சம வாய்ப்பு) அவர்களைக் கட்டும், நீங்கள் 226-ஆம் பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு, அதாவது அரசு அமைப்பின் செயலை நேரடியாக எதிர்க்கும் மனு, போடலாம்.

ஆனால் ஒன்றை முதலிலேயே மண்டையில் ஏற்றிக்கொள்ளுங்கள். நீங்கள் நல்ல ஆசிரியரா, மாணவர்கள் உங்களை எப்படிக் கொண்டாடுகிறார்கள், பதினைந்து வருடமாகக் கௌரவ விரிவுரையாளராகத் தேய்ந்தீர்களா என்பதையெல்லாம் நீதிபதி எடை போடப்போவதில்லை. அறிவிக்கையில் என்ன கேட்டிருந்தார்கள், கடைசித் தேதியன்று உங்களிடம் என்ன இருந்தது, எந்த விதியை வைத்துத் தள்ளினார்கள், இதற்குள்தான் வழக்கு. அநியாயத்தைப் பற்றி அரை மணி நேரம் பேசுபவரிடம் அறிவிக்கை எங்கே என்று கேட்டால், "சைட்டில் இருந்து எடுத்துட்டாங்க சார்" என்பார். விண்ணப்பிக்கிற அன்றே அறிவிக்கை, தகவல் கையேடு, பிறகு வந்த திருத்தம், நீங்கள் அனுப்பிய விண்ணப்பத்தின் முழு நகல் என்று எல்லாவற்றையும் இறக்கி வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் எந்த வழக்கறிஞராலும் உங்களுக்காக அதைச் செய்து தர முடியாது.

சென்னையா, மதுரையா?

உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை 2004 ஜூலையில் தொடங்கியதிலிருந்து தென்மாவட்டங்களும் திருச்சி, தஞ்சாவூர், புதுக்கோட்டை, கரூரும் அதன் எல்லை. எனவே மதுரை காமராசர், மனோன்மணியம் சுந்தரனார், அழகப்பா, பாரதிதாசன், தமிழ்ப் பல்கலைக்கழகம், கொடைக்கானல் அன்னை தெரசா எல்லாம் மதுரை. சென்னை, அண்ணாமலை, பெரியார், பாரதியார், திருவள்ளுவர் எல்லாம் சென்னை. பலர் தடுமாறுவது திருவாரூர் மத்தியப் பல்கலைக்கழகத்தில்: பக்கத்துத் தஞ்சாவூர் மதுரைக்குப் போகும், திருவாரூர் சென்னைக்கு வரும். டிஆர்பி அலுவலகம் சென்னையில்தான் என்றாலும், வழக்குக்கான காரணத்தில் ஒரு பகுதி எங்கே எழுந்தது என்பதைப் பொறுத்து மதுரையிலும் அந்த வழக்குகள் நடக்கின்றன.

காரணமே சொல்லவில்லை. அல்லது ஒரே ஒரு வார்த்தை. என்ன செய்வது?

உங்களுக்கே தெரியாமல் உங்கள் பக்கம் பலமாக இருக்கும் இடம் இது. அந்த நிராகரிப்புப் பட்டியலை ஒருமுறை நிதானமாகப் பாருங்கள். வரிசை எண், விண்ணப்ப எண், பெயர், துறை, கடைசியில் குறிப்பு என்று ஒரு கட்டம். அந்தக் கட்டத்தில் "நிர்ணயித்த தகுதி இல்லை" என்று ஒரே வாக்கியத்தை மேலிருந்து கீழே நாற்பது பேருக்கு நகலெடுத்து ஒட்டியிருப்பார்கள். எந்தத் தகுதி? நெட்டா, முதுகலையில் 55 சதவீதமா, பாடமா, அனுபவமா? தெரியாது.

நீங்கள் வழக்குப் போட்ட பிறகு, பதிவாளர் பெயரில் கவுண்டர், அதாவது எதிர்ப் பதில் மனு, வரும். அதில் திடீரென்று நாலு காரணம் முளைத்திருக்கும்: பாடம் பொருந்தாது, சான்றிதழில் பதிவாளர் கையெழுத்து இல்லை, அனுபவச் சான்று உரிய படிவத்தில் இல்லை என்று வரிசையாக. இப்படிச் செய்யக்கூடாது என்பது பழைய சட்டம். 1977-இல் மொகிந்தர் சிங் கில் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது: ஓர் உத்தரவு அது போடப்பட்டபோது சொன்ன காரணங்களால்தான் நிற்க வேண்டும், பிறகு பிரமாணப் பத்திரம் போட்டு முட்டுக்கொடுக்க முடியாது. நீதிபதி கிருஷ்ணய்யர் அதில் எழுதிய வரி வழக்கறிஞர்களுக்கு மனப்பாடம். உத்தரவு என்பது பழைய ஒயின் இல்லை, நாளாக ஆக மெருகேறுவதற்கு என்கிற மாதிரி ஒரு வரி.

அதனால் முதல் வேலையாக, பட்டியல் வந்த வாரமே, காரணம் கேட்டுப் பதிவாளருக்கு ஒரு கடிதம், கூடவே ஒரு ஆர்டிஐ (தகவல் அறியும் உரிமைச் சட்டம்) மனு. பத்து ரூபாய் கட்டணம், 30 நாளில் பதில் தர வேண்டும். உங்கள் விண்ணப்பத்தின் பரிசீலனைத் தாள், பரிசீலனைக் குழு கூட்டக் குறிப்பு, உங்களுக்குப் போட்ட மதிப்பெண், அழைக்கப்பட்ட கடைசி நபரின் மதிப்பெண், இவற்றைக் கேளுங்கள். நிபுணர்களின் பெயர், மற்றவர்களின் முழுக் கோப்பு என்று வலையை அகலமாக வீசினால் மொத்தத்தையும் மறுத்துவிடுவார்கள். ஆர்டிஐ பதிலுக்காகக் கோர்ட்டுக்குப் போகாமல் காத்திருக்கவும் வேண்டாம். ரெண்டும் ஒரே நேரத்தில் ஓடட்டும்.

எனக்கு நெட் இல்லை, பழைய பிஎச்டி இருக்கிறது. இதைச் சொல்லித் தள்ளிவிட்டார்கள்.

இதுதான் அதிகம் வரும் கேள்வி. குழப்பமும் இதில்தான் அதிகம்.

2009 ஜூலை 11-இல் யூஜிசி (பல்கலைக்கழக மானியக் குழு) பிஎச்டிக்கான புதிய விதிமுறைகளைக் கொண்டுவந்தது. அந்த விதிப்படி பிஎச்டி வாங்கியவருக்கு மட்டும்தான் நெட்டிலிருந்து விலக்கு, மற்றவர்களுக்குக் கிடையாது என்றார்கள். பழைய பிஎச்டிக்காரர்கள் வழக்குப் போட்டார்கள். 2015-இல் பி. சுசீலா எதிர் யூஜிசி என்ற வழக்கில் (பாடகி இல்லை) உச்ச நீதிமன்றம் யூஜிசி பக்கம் நின்றது. முன்பு தகுதி இருந்தது என்பதற்காக நியமனம் ஆகும்வரை அதே தகுதி தொடரும் என்று உரிமை கொண்டாட முடியாது என்பது அதன் சாரம்.

சரி, அதோடு கதை முடிந்ததா என்றால் இல்லை. 2016-இல் யூஜிசியே இறங்கி வந்தது. 2009 ஜூலை 11-க்கு முன் பதிவு செய்தவர்களுக்கும் விலக்கு உண்டு, ஆனால் அஞ்சு நிபந்தனை: முறையான வழியில் வாங்கிய பட்டமாக இருக்க வேண்டும், குறைந்தது இரண்டு வெளித் தேர்வாளர்கள் ஆய்வேட்டை மதிப்பிட்டிருக்க வேண்டும், பொது வாய்மொழித் தேர்வு நடந்திருக்க வேண்டும், ஆய்விலிருந்து இரண்டு கட்டுரை வெளியாகி அதில் ஒன்றாவது மதிப்பாய்வுள்ள இதழில் வந்திருக்க வேண்டும், இரண்டு கட்டுரை கருத்தரங்குகளில் படித்திருக்க வேண்டும். யூஜிசியின் 2018 ஆசிரியர் நியமன விதிகளிலும் இதே அஞ்சும் இருக்கிறது, இவை நிறைவேறியதைப் பல்கலைக்கழகப் பதிவாளரோ கல்விப் புல முதன்மையரோ சான்றளிக்க வேண்டும் என்ற வரியோடு.

விண்ணப்பங்கள் சாய்வது இந்தச் சான்றிதழில்தான். அஞ்சு நிபந்தனையும் நிறைவேறியிருக்கும், ஆனால் நெறியாளர் கையெழுத்துப் போட்ட காகிதம்தான் இருக்கும், அல்லது கல்லூரி முதல்வர் கையெழுத்து. பதிவாளர் கையெழுத்து இல்லை என்று தள்ளினால் கோர்ட்டில் மீட்பது கஷ்டம். பட்டம் கொடுத்த பல்கலைக்கழகத்தில் இதற்கென்று கட்டணம் கட்டி, படிவம் நிரப்பி, பிரிவு அலுவலகத்துக்கு நடையாய் நடந்து வாங்கவேண்டிய காகிதம் இது, வேலை அறிவிக்கை வந்த பிறகு வாங்கிக்கொள்ளலாம் என்று இருந்தால் கடைசித் தேதி கடந்துவிடும்.

இன்னொரு முடிச்சு. பல்கலைக்கழகத் துறைகளில் உதவிப் பேராசிரியர் ஆக பிஎச்டி கட்டாயம் என்று 2018 விதி சொன்னது, 2021 ஜூலையிலிருந்து அமல் என்றார்கள், 2023 ஜூலைக்குத் தள்ளினார்கள், அந்தத் தேதி வரும்போது அதையே கைவிட்டு நெட் அல்லது செட், ஸ்லெட் (மாநில அளவிலான தகுதித் தேர்வுகள்) தான் குறைந்தபட்சத் தகுதி என்று மாற்றினார்கள். உங்கள் அறிவிக்கை எந்தத் தேதியில் வந்தது, அதில் எந்த விதியைக் குறிப்பிட்டிருக்கிறார்கள் என்பதைப் பொறுத்துத்தான் உங்கள் நிலைமை. "யூஜிசி இப்போ இப்படிச் சொல்லியிருக்கே" என்று பழைய அறிவிக்கைக்குப் புது விதியைக் காட்டிப் பயனில்லை. பல்கலைக்கழகமும் அதைச் செய்யக்கூடாது.

தகுதி இருந்தது, ஆனால் சான்றிதழ் கடைசித் தேதிக்குப் பிறகுதான் கைக்கு வந்தது.

ரெண்டையும் பிரித்துப் பார்க்க வேண்டும்: தகுதி எப்போது வந்தது, அதற்கான காகிதம் எப்போது வந்தது.

தகுதியே பிறகுதான் வந்தது என்றால் விட்டுவிடுங்கள். ரேகா சதுர்வேதி எதிர் ராஜஸ்தான் பல்கலைக்கழகம் என்ற 1993 வழக்கு, அதுவும் உதவிப் பேராசிரியர் நியமனம் பற்றியதுதான், இதைத் தெளிவாக்கிவிட்டது: தகுதியைப் பார்க்கவேண்டிய நாள் விண்ணப்பத்துக்கான கடைசித் தேதி. தேர்வு நடக்கும் நாள் கணக்கில் வராது. அதில் ஒரு வேடிக்கை, தகுதி இல்லாமல் நியமிக்கப்பட்டவர்களை உச்ச நீதிமன்றம் வெளியே அனுப்பவில்லை, அவர்கள் பல வருடம் வேலை பார்த்துவிட்டார்கள் என்று விட்டுவிட்டது. வழக்குப் போட்டவருக்கு நீதி சொல்லப்பட்டது, இடம் மற்றவர்களிடமே இருந்தது. இந்தத் துறை வழக்குகளின் குணமே இதுதான், தாமதம் ஆகும்போதெல்லாம் நாற்காலியில் உட்கார்ந்திருப்பவருக்கே லாபம்.

தகுதி முன்பே வந்துவிட்டது, காகிதம்தான் தாமதம் என்றால் நம்பிக்கை உண்டு. 1980-இல் சார்லஸ் ஸ்கரியா வழக்கில், தகுதி என்பது வேறு, அதை நிரூபிக்கும் ஆவணம் வேறு, ஆவணம் கொஞ்சம் பின்னால் வந்ததற்காக உள்ளதை இல்லை என்று சொல்லக்கூடாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. பிஎச்டி வாய்மொழித் தேர்வு முடிந்து தற்காலிகச் சான்று கடைசித் தேதிக்கு முன்பே வந்திருந்து, பட்டமளிப்பு மட்டும் பிறகு நடந்திருந்தால் இந்த வழி. ஆனால் "சான்றிதழ்களைக் கடைசித் தேதிக்குள் சேர்க்காவிட்டால் நிராகரிக்கப்படும்" என்று அறிவிக்கையிலேயே கறாராக எழுதியிருந்தால், ஆயிரக்கணக்கானவர்களுக்கும் ஒரே விதிதான் என்று நீதிமன்றம் கைவிரித்துவிடுவதும் நடக்கிறது.

"பாடம் பொருந்தவில்லை" என்கிறார்கள். என் பட்டமும் கேட்ட பட்டமும் ஒன்றுதான் என்று கோர்ட் சொல்லுமா?

கோர்ட் தானாகச் சொல்லாது. பட்டங்களின் சமநிலையை முடிவு செய்வது நியமிப்பவரின் வேலை, நீதிமன்றத்தின் வேலை இல்லை என்று 2018-இல் ஜம்மு காஷ்மீர் வழக்கு ஒன்றில் (சகூர் அகமது ராதர்) உச்ச நீதிமன்றம் மறுபடி அழுத்திச் சொல்லிவிட்டது. அதன் வேர் 1960-களில் இருக்கிறது: மைசூர் பல்கலைக்கழகத்தின் ஆங்கில ரீடர் (ஓர் ஆசிரியர் பதவி) நியமன வழக்கில், கல்வி விஷயத்தில் நிபுணர் குழு சொன்னதில் நீதிமன்றம் லேசில் கைவைக்கக்கூடாது என்று சொல்லியதை இன்றுவரை எல்லாப் பல்கலைக்கழகக் கவுண்டரிலும் பார்க்கலாம்.

ஆனால் அந்த வாதம் நிற்க, முதலில் நிபுணர் குழு என்று ஒன்று உட்கார்ந்து பார்த்திருக்க வேண்டும் அல்லவா? பல இடங்களில் பிரிவு எழுத்தர் பட்டத்தின் பெயரைப் பார்த்து, கேட்ட பெயர் இல்லையே என்று டிக் போட்டதுதான் 'பரிசீலனை'யாக இருக்கும். யூஜிசி விதியில் 'தொடர்புடைய' பாடம், 'சார்ந்த' பாடம் என்றும் இருக்கிறதே, அதை யார் யோசித்தார்கள் என்று கேளுங்கள். உங்கள் பட்டம் இன்னதற்குச் சமம் என்று தமிழ்நாடு உயர்கல்வித் துறை அரசாணை ஏற்கெனவே இருந்தால் அதைவிடப் பெரிய ஆயுதம் கிடையாது, அறிவிக்கைக்கு முந்தைய தேதியிட்ட ஆணையாகப் பார்த்து எடுங்கள். இல்லையென்றால் மாநில உயர்கல்வி மன்றத்தின் சமநிலைக் குழுவுக்கு இப்போதே விண்ணப்பியுங்கள், இந்த முறைக்கு இல்லாவிட்டாலும் அடுத்த முறைக்கு ஆகும்.

நிபுணர்கள் நம் பக்கம் வந்த வழக்கும் உண்டு. உத்தரப் பிரதேசத்தில் கல்வியியல் உதவிப் பேராசிரியர் பணிக்கு எம்.எட். செல்லுமா, எம்.ஏ. கல்வியியல்தான் வேண்டுமா என்று பெரிய சண்டை. நிபுணர் குழு எம்.எட். செல்லும் என்றது, 2020-இல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்றுக்கொண்டது.

தனியாக ஒரு எச்சரிக்கை: இளங்கலை படிக்காமலே திறந்தநிலைப் பல்கலைக்கழகத்தில் நேரடியாக முதுகலை வாங்கியவர்கள் இந்தப் பாதையில் போகவே வேண்டாம். 2009-இல் அண்ணாமலைப் பல்கலைக்கழக வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் அதை மூடிவிட்டது.

மதிப்பெண் அட்டவணையில் நான்தான் மேலே. நேர்காணலில் கீழே இருப்பவரை எடுத்துவிட்டார்கள்.

யூஜிசி 2018 விதியின் அந்த அட்டவணையைக் கையில் வைத்துக்கொண்டு படியுங்கள். பல்கலைக்கழக உதவிப் பேராசிரியர் என்றால் மொத்தம் 100: இளங்கலைக்கு அதிகபட்சம் 15, முதுகலைக்கு 25, பிஎச்டிக்கு 30, ஜேஆர்எஃப்போடு (ஆய்வு உதவித்தொகைத் தகுதி) நெட் என்றால் 7, வெறும் நெட் 5, செட் 3, கட்டுரைகளுக்கு 10, அனுபவத்துக்கு 10, விருதுகளுக்கு 3. பலர் கவனிக்காத வரி ஒன்று அந்த விதிகளில் இருக்கிறது: இந்த மதிப்பெண் நேர்காணலுக்கு அழைக்க மட்டும்தான், தேர்வு நேர்காணலை வைத்துத்தான். 92 வாங்கியவரும் 71 வாங்கியவரும் உள்ளே போனதும் ஒரே கோட்டில் நிற்கிறார்கள். எனக்கு இந்த விதி சுத்தமாகப் பிடிக்கவில்லை, இத்தனை வருடப் படிப்பைப் பத்து நிமிடப் பேச்சு விழுங்கிவிடுகிறது. ஆனால் விதி அதுதான்.

கண்ணூர்ப் பல்கலைக்கழக மலையாளத் துறை இணைப் பேராசிரியர் விவகாரத்தைப் பேப்பரில் படித்திருப்பீர்கள். ஆய்வு மதிப்பெண்ணில் 651 வைத்திருந்தவர் இரண்டாவது, 156 வைத்திருந்தவர் முதலாவது, நேர்காணலில் முன்னவருக்கு 30, பின்னவருக்கு 32 மதிப்பெண். ஊரே இந்த எண்களைப் பேசியது. ஆனால் கேரள உயர் நீதிமன்றத்தில் வழக்கு நின்றதும் விழுந்ததும் வேறு கேள்வியில்: முதலாவது வந்தவருக்குத் தேவையான கற்பித்தல் அனுபவம் இருந்ததா, ஆய்வு விடுப்பில் இருந்த காலத்தை அனுபவமாக எண்ணலாமா. 2022 நவம்பரில் தனி நீதிபதி எண்ணக்கூடாது என்றார், 2023 ஜூனில் இரு நீதிபதி அமர்வு எண்ணலாம் என்றது, விஷயம் உச்ச நீதிமன்றம்வரை போனது. மதிப்பெண் வித்தியாசம் செய்தித்தாளுக்கு, தகுதி விதி கோர்ட்டுக்கு.

எனவே "என்னைவிட அவர் குறைவு" என்று மனுவில் எழுதாதீர்கள். தேர்வுக்குழுவின் மேல் மேல்முறையீட்டு மன்றமாக உட்கார முடியாது என்று உச்ச நீதிமன்றம் முன்பே (சோலுங்கே வழக்கு) சொல்லிவிட்டது. எழுதவேண்டியது: குழுவில் விதிப்படி இருக்கவேண்டிய நிபுணர்கள் இருந்தார்களா, குறைந்தபட்ச எண்ணிக்கை இருந்ததா, தேர்வானவருக்கு உறவோ நெறியாளரோ உட்கார்ந்திருந்தாரா, தேர்வானவருக்கு அடிப்படைத் தகுதி இருந்ததா, உங்கள் மதிப்பெண்ணைக் கூட்டியதில் பிழை உண்டா. கட்டுரைக்கு உரிய 10-ஐ விட்டுவிட்டுக் கூட்டி, அதனாலேயே நேர்காணலுக்கு அழைக்கவில்லை என்றால் நல்ல வழக்கு. அது வெறும் கணக்கு, அதைப் பார்க்க நிபுணர் வேண்டாம்.

கௌரவ விரிவுரையாளர் அனுபவத்தை எண்ண மறுக்கிறார்கள்.

இணைப் பேராசிரியர் பதவிக்கு விண்ணப்பிப்பவர்களுக்கு இது பெரிய அடி. 2018 விதி தற்காலிக, ஒப்பந்த அனுபவத்தையும் எண்ணலாம் என்றுதான் சொல்கிறது. ஆனால் முறையான தேர்வுக்குழு வழியாக நியமனமாகியிருக்க வேண்டும், தகுதி குறையக்கூடாது, கூடவே வாங்கிய மொத்தச் சம்பளம் நிரந்தர உதவிப் பேராசிரியரின் மாதச் சம்பளத்துக்குக் குறையக்கூடாது. நிரந்தரப் பணியின் தொடக்க அடிப்படைச் சம்பளமே 57,700 ரூபாய். நம் ஊர்க் கௌரவ விரிவுரையாளர் வாங்குவது அதில் பாதிகூடத் தேறாது. சம்பளத்தைக் குறைத்துக் கொடுத்தது அரசு, அதைக் காரணம் காட்டி அனுபவத்தை வெட்டுவதும் அரசு. விதியையே எதிர்த்து வழக்குப் போடவேண்டிய விஷயம் இது, தனி ஆள் தன் நிராகரிப்போடு சேர்த்துச் சுமக்க முடியாது. சங்கமாகச் சேர்ந்து போடுங்கள்.

நேர்காணலில் கலந்துகொண்டுவிட்டு, கிடைக்காததும் வழக்குப் போடலாமா?

விதி தெரிந்தே உள்ளே போய், தோற்ற பிறகு அந்த விதியே தப்பு என்று சொல்லக்கூடாது, இது 1995 மதன்லால் வழக்கிலிருந்து வரும் சட்டம். பல்கலைக்கழக வழக்கறிஞர் எழுந்ததும் முதலில் இதைத்தான் எடுப்பார். விலக்கு உண்டு: 2019-இல் பீகார் மருத்துவ அலுவலர் வழக்கில் (மீதா சகாய்), சட்டத்துக்கே விரோதமான நடைமுறையைக் கலந்துகொண்டவர் என்பதற்காகக் கேள்வி கேட்கக்கூடாது என்று சொல்ல முடியாது என்றார்கள். நடைமுறையில் என்ன செய்யலாம்? அறிவிக்கையில் ஏதாவது தப்பாகப் பட்டால் நேர்காணலுக்கு முன்பே ஆட்சேபணைக் கடிதம் ஒன்றை ஸ்பீடு போஸ்டில் அனுப்பிவிட்டுப் போய் உட்காருங்கள். அந்த ரசீது பின்னால் பேசும்.

பாதியில் விதியை மாற்றிவிட்டார்கள்.

2024 நவம்பர் 7-இல் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு சொன்ன தீர்ப்பு உங்களுக்குத்தான். ராஜஸ்தான் உயர் நீதிமன்றத்திலேயே மொழிபெயர்ப்பாளர் பணி 13 இடம், 21 பேர் தேர்வு எழுதினார்கள், எழுதி முடித்த பிறகு 75 சதவீதம் வாங்கியவர்தான் தேறுவார் என்று நிர்வாகம் முடிவெடுக்க, மூன்று பேர் மட்டும் மிஞ்சினார்கள். இதில்தான், அறிவிக்கையோ விதியோ இடம் கொடுக்காவிட்டால் விண்ணப்பம் கேட்டு அறிவித்த பிறகு தகுதி விதிகளை மாற்றக்கூடாது என்று முடிவானது (தேஜ் பிரகாஷ் பாதக்). பல்கலைக்கழகம் நடுவழியில் "ஸ்கோபஸ் (சர்வதேச ஆய்விதழ்ப் பட்டியல்) இதழ்க் கட்டுரை மட்டும்தான் எண்ணுவோம்" என்று கிளம்பினால் இதை எடுத்து நீட்டுங்கள்.

'தகுதியானவர் யாரும் கிடைக்கவில்லை' என்று இடத்தைக் காலியாகவே விட்டுவிட்டார்கள், அதுவும் இடஒதுக்கீட்டு இடத்தை.

மத்தியப் பல்கலைக்கழகங்களில் இந்தப் புகார் நாடாளுமன்றம்வரை பேசப்பட்டது. நேரடியாக ஜெயிப்பது கஷ்டம், ஏனென்றால் பட்டியலில் பெயர் வந்தாலே நியமன உரிமை கிடையாது (1991, சங்கர்சன் தாஷ்), பெயரே வராதவருக்குச் சொல்லவே வேண்டாம். ஆனால் அதே தீர்ப்பு, காரணமில்லாமல் இஷ்டத்துக்கு இடத்தை நிரப்பாமல் விடவும் கூடாது என்கிறது. எத்தனை பேர் வந்தார்கள், ஒவ்வொருவருக்கும் எவ்வளவு போட்டார்கள், குறைந்தபட்ச மதிப்பெண் முன்பே அறிவித்ததா என்று பதிவேட்டை வரவழைக்கக் கேளுங்கள்.

தமிழ்நாட்டில் இடஒதுக்கீடு 69 சதவீதம், எந்த இடம் எந்தப் பிரிவுக்கு என்று வரிசைப்படுத்தும் 200 புள்ளிச் சுழற்சி (ரோஸ்டர்) உண்டு. எந்தச் சுழற்சிப் புள்ளியில் இந்த இடம் வந்தது என்று ரோஸ்டர் பதிவேட்டை ஆர்டிஐயில் வாங்கிப் பார்த்தால் பல சமயம் தேர்வைவிட அறிவிக்கையே தப்பாக இருக்கும். அதை அறிவிக்கை வந்த உடனே எதிர்க்க வேண்டும். பெண்கள் கவனிக்க: சாதிச் சான்றிதழ் தந்தை பெயரில் இருக்க வேண்டும், கணவர் பெயரில் இருந்தால் தள்ளிவிடுவார்கள், அதைக் கோர்ட்டில் காப்பாற்றுவதும் கஷ்டம்.

எத்தனை நாளுக்குள் போட வேண்டும்? மனு மேல் மனு கொடுத்திருக்கிறேனே?

ரிட் மனுவுக்குக் கெடு என்று சட்டத்தில் இல்லை, ஆனால் தாமதம் ஒன்றே மனுவைத் தள்ளப் போதும். நிராகரிப்பு வந்து நேர்காணல் நடப்பதற்குள் போனால் பாதி ஜெயித்த மாதிரி. நியமன ஆணை கொடுத்து, அவர் வகுப்பெடுக்க ஆரம்பித்து ஒரு பருவம் முடிந்த பிறகு போனால் நீதிபதியின் முதல் கேள்வி "இத்தனை நாள் எங்கே இருந்தீர்கள்?" என்பதாகத்தான் இருக்கும்.

பதிவாளர், துணைவேந்தர், ஆளுநர், முதலமைச்சர் தனிப்பிரிவு என்று மனு கொடுத்துக்கொண்டே இருந்தால் காலம் உங்களுக்காக நிற்காது. தமிழ்நாட்டிலிருந்து போன சி. ஜேக்கப் வழக்கிலேயே 2008-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியது, செத்துப்போன கோரிக்கைக்கு மனு கொடுத்து உயிர் கொடுக்க முடியாது என்கிற அளவில். ஒரு மனு, பதினைந்து நாள், அப்புறம் கோர்ட்.

யாரையெல்லாம் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும்?

பல்கலைக்கழகத்தை அதன் பதிவாளர் வழியாக, தேவைப்பட்டால் உயர்கல்வித் துறைச் செயலரையும் யூஜிசியையும். நியமனம் நடந்துவிட்டது என்றால் தேர்வானவரைக் கட்டாயம் சேர்க்க வேண்டும். கூட வேலை பார்த்தவர், பழகியவர், எப்படி அவரை இழுப்பது என்று தயங்கி விட்டுவிடுகிறார்கள். ஒருவரைக் கேட்காமல் அவர் வேலையை எடுக்க எந்த நீதிமன்றமும் ஒப்பாது, அந்த ஒரு குறையிலேயே மனு விழும்.

இடைக்காலமாக என்ன கிடைக்கும்?

முழுத் தேர்வுக்கும் தடை கேட்டால் பெரும்பாலும் கிடைக்காது. மற்ற விண்ணப்பதாரர்கள் என்ன பாவம் செய்தார்கள் என்று நீதிபதி கேட்பார், நியாயம்தான். கிடைக்கக்கூடியவை இரண்டு: உங்களைத் தற்காலிகமாக நேர்காணலுக்கு அனுமதித்து முடிவை மூடிய உறையில் வைப்பது, அல்லது உங்கள் பிரிவில் ஒரு இடத்தைக் காலியாக வைத்திருப்பது. இதுவும் இல்லையென்றால் "நியமனங்கள் இந்த வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டவை" என்று ஒரு வரியாவது கேட்டு வாங்குங்கள்.

ஜெயித்தால் வேலை கிடைக்குமா?

அன்றைக்கே கிடைக்காது. பெரும்பாலான தீர்ப்புகள் நிராகரிப்பை ரத்து செய்து, விண்ணப்பத்தைச் சட்டப்படி மறுபடி பரிசீலித்து இத்தனை வாரத்துக்குள் உத்தரவு போடு என்று முடியும். பல்கலைக்கழகம் பரிசீலித்து, இந்த முறை ரெண்டு பக்கக் காரணத்தோடு மறுபடி நிராகரிக்கலாம். நடக்காத கதை இல்லை. அப்படி வந்தால் அது புது உத்தரவு, அதற்குப் புது வழக்கு. தோற்றால் தனி நீதிபதியின் தீர்ப்பிலிருந்து 30 நாளில் இரு நீதிபதி அமர்வுக்கு மேல்முறையீடு, அதன் பிறகு 90 நாளில் உச்ச நீதிமன்றம்.

தனியார் கல்லூரி, நிகர்நிலைப் பல்கலைக்கழகம் என்றால்?

அரசு உதவிபெறும் கல்லூரியின் உதவிபெறும் இடம் என்றால் அரசு ஒப்புதலும் சம்பளமும் இருப்பதால் ரிட் நிற்க வழி உண்டு. சுயநிதி இடங்களில் வேலை விஷயமாக ரிட் போடுவது 2022-க்குப் பிறகு (செயின்ட் மேரீஸ் வழக்கு) ரொம்பவே குறுகிவிட்டது. சிறுபான்மைக் கல்லூரிகளுக்குத் தகுதியுள்ளவர்களில் தாங்கள் விரும்பியவரைத் தேர்ந்தெடுக்கும் உரிமை அதிகம். அங்கே போய் மல்லுக்கட்டுவதில் எனக்குப் பெரிய நம்பிக்கை இல்லை.

செலவு?

கோர்ட் கட்டணம் சொற்பம், வழக்கறிஞர் கட்டணம் ஆளைப் பொறுத்து. பலருக்குத் தெரியாதது: 1987 சட்டப்பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 12-ஆம் பிரிவின்படி பெண்கள், பட்டியல் சாதி, பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகளுக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவச சட்ட உதவி உண்டு. உயர் நீதிமன்றச் சட்டப்பணிகள் குழுவில் விண்ணப்பித்தால் வழக்கறிஞரையே அவர்கள் தருவார்கள்.

கேஸ் போட்டவன் என்று பெயர் வந்துவிட்டால் அடுத்த நேர்காணலில் பழிவாங்க மாட்டார்களா?

சிலர் வாங்குவார்கள். இல்லை என்று சொல்லி உங்களை ஏமாற்ற விரும்பவில்லை. ஆனால் வழக்குப் போடாமல் பணிவாக இருந்தவர்களுக்கும் வேலை தானாகத் தேடி வந்துவிடவில்லை. துறைத் தலைவர் "கொஞ்சம் பொறு, அடுத்த முறை பார்த்துக்கலாம்" என்று சொன்னதை நம்பி வயது வரம்பைத் தாண்டியவர்கள் எல்லாத் துறையிலும் இருக்கிறார்கள்.

வழக்கு நடக்கும்போதே அதே பல்கலைக்கழகம் புது அறிவிக்கை விட்டால் விண்ணப்பிக்கலாமா? விண்ணப்பித்தால் பழைய வழக்கு பலவீனமாகிவிடாதா?

விண்ணப்பியுங்கள். முகப்புக் கடிதத்தில் "முந்தைய அறிவிக்கை தொடர்பான என் வழக்கில் எனக்குள்ள உரிமைகளை விட்டுக்கொடுக்காமல் விண்ணப்பிக்கிறேன்" என்று ஒரு வரி, கூடவே வழக்கு எண். போன முறை எந்தக் காகிதத்தைக் காட்டித் தள்ளினார்களோ அதை இந்த முறை முதல் பக்கத்திலேயே வையுங்கள். புது அறிவிக்கையில் பழைய காலி இடத்தையும் சேர்த்திருந்தால் உடனே உங்கள் வழக்கறிஞருக்குச் சொல்லுங்கள், அந்த இடத்தை மட்டும் நிறுத்திவைக்கக் கேட்டு இடைக்கால மனு போட அதுதான் நேரம்.